குதிரைக்குத் தீவனம் யார் போடுவது? போரின் நான்கு பரிமாணங்கள்

தேர்தல் வியூகம், விற்பனை வியூகம், பந்துவீச்சு வியூகம் என்று இன்று எதற்கெடுத்தாலும் வியூகம்தான். அந்தச் சொல்லின் பழைய பொருள் மிகக் குறுகியது. களத்தில் படையை எந்த வடிவில் நிறுத்துவது என்பதுதான் வியூகம்; சக்கரமாக நிறுத்தினால் சக்கர வியூகம். ஸ்ட்ராட்டஜி என்ற பெரிய விஷயத்துக்கும் நாம் இதே சொல்லை எடுத்துப் போட்டுவிட்டோம். அதனால் போர் என்றாலே படையை எங்கே நிறுத்துவது, எந்தப் பக்கம் திருப்புவது என்ற கேள்வி மட்டும்தான் மனதில் எழுகிறது. தொலைக்காட்சியில் அம்புக்குறி போட்ட வரைபடம் வந்ததும் சதுரங்கம் பார்ப்பதுபோல் பார்க்கத் தொடங்குகிறோம்.

சதுரங்கக் குதிரைக்குப் பசி கிடையாது. அங்கே ஒரு காலாளும் “நான் எதற்காகச் சாக வேண்டும்?” என்று கேட்பதில்லை. ஆட்டத்தின் நடுவே ராணியின் வீச்சு திடீரென்று இரட்டிப்பாவதும் இல்லை. நிஜப் போரில் இந்த மூன்றும் நடக்கும். குதிரைக்குப் பசிக்கும், ஆள் கேள்வி கேட்பான், ஆயுதம் மாறும். இவற்றை விட்டுவிட்டுக் காய் நகர்த்தலை மட்டும் பார்ப்பவர்கள் ஏன் திரும்பத் திரும்பத் தவறாகக் கணிக்கிறார்கள் என்பதை விளக்கியவர் பிரிட்டனின் படை வரலாற்றாசிரியர் மைக்கேல் ஹோவர்ட். அவர் வகுத்த சட்டகத்தை, அவரே ஆழ்ந்து ஆராய்ந்த, பிரான்சுக்கும் ஜெர்மன் அரசுகளில் ஒன்றான பிரஷ்யாவுக்கும் நடந்த 1870ஆம் ஆண்டுப் போரை வைத்தே இங்கே பார்ப்போம்.

வாய்தா, வழக்கு, நிலம்

இரண்டு சகோதரர்களுக்குள் நிலத் தகராறு. அண்ணன் தரப்பு வக்கீல் கெட்டிக்காரர். ஒவ்வொரு வாய்தாவிலும் எதிர்த்தரப்பை மடக்குகிறார். இருபது வருடம் கழித்துத் தீர்ப்பும் அண்ணன் பக்கமே வருகிறது. அதற்குள் வழக்குச் செலவுக்காகப் பாதி நிலத்தை விற்றாகிவிட்டது. மீதியில் கால் வைக்கத் தம்பியின் பிள்ளைகள் விடுவதில்லை.

அண்ணன் வாய்தாவில் வென்றார், வழக்கிலும் வென்றார். ஆனால் அவருக்கு வேண்டியிருந்தது நிலம். அது கிடைக்கவில்லை.

ஒரு சண்டையில் படையை எப்படிப் பயன்படுத்துவது என்பதைத் தந்திரோபாயம் என்போம். நடக்கும் சண்டைகளைப் போரின் நோக்கத்துக்காக எப்படிப் பயன்படுத்துவது என்பது மூலோபாயம். இலங்கைத் தமிழ்ப் பத்திரிகைகள் இந்த இரண்டு சொற்களையும் நெடுங்காலமாகப் பிரித்தே கையாள்கின்றன. அந்த வழக்கத்தையே இந்தக் கட்டுரையும் பின்பற்றுகிறது. இந்த வரையறை பிரஷ்ய அதிகாரி கிளாஸ்விட்ஸ் தந்தது. அவர் 1831இல் இறந்தார். போரைப் பற்றிய அவருடைய பெரிய நூல் மறு ஆண்டு வெளிவந்தது. அதை ஆங்கிலத்தில் பீட்டர் பாரெட்டுடன் சேர்ந்து மொழிபெயர்த்து 1976இல் வெளியிட்டவர் ஹோவர்ட்தான்.

போரின் நோக்கத்தைத் தளபதி தீர்மானிப்பதில்லை, அரசு தீர்மானிக்கிறது. நிலமா, இழப்பீடா, எதிரி அரசு கவிழ வேண்டுமா, அல்லது அவர்கள் ஒரு கோரிக்கையைக் கைவிட்டால் போதுமா என்பது முதலில் தெளிவாக வேண்டும். அது தெளிவில்லாமல் ‘வெற்றி’ என்று பேசினால், நிலத்தை மறந்து வாய்தாவை எண்ணிக்கொண்டிருப்பதுபோல் ஆகிவிடும்.

இந்த ஹோவர்ட் யார்?

1922இல் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரில் இத்தாலியில் போரிட்டு வீரப் பதக்கம் பெற்றவர். பிறகு லண்டன் கிங்ஸ் கல்லூரியில் போரியல் துறையை உருவாக்கினார். ஆக்ஸ்ஃபோர்டிலும் யேலிலும் பேராசிரியராக இருந்தார். 2019இல் மறைந்தார்.

1979இல் ‘ஃபாரின் அஃபேர்ஸ்’ இதழில் மூலோபாயத்தின் மறக்கப்பட்ட பரிமாணங்கள் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். அமெரிக்காவும் சோவியத் ஒன்றியமும் அணு ஏவுகணைகளை எண்ணிக்கொண்டிருந்த காலம் அது. போருக்கு நான்கு பரிமாணங்கள் உண்டு, நீங்கள் ஒன்றிரண்டை மட்டும் பார்க்கிறீர்கள் என்பதே அவர் சொன்னதன் சாரம். படைநடவடிக்கை, வழங்கல், சமூகம், தொழில்நுட்பம் என்பவை அந்த நான்கு.

‘பரிமாணம்’ என்பதை இங்கே கவனிக்க வேண்டும். ஒரு பெட்டிக்கு நீளம், அகலம், உயரம் மூன்றும் உண்டு. நீளம் எவ்வளவு இருந்தாலும் உயரம் பூஜ்யம் என்றால் அதில் ஒன்றும் கொள்ளாது. நான்கையும் தனித்தனித் துறைகளாக நினைக்காமல், ஒரே பொருளின் நான்கு அளவுகளாக நினைத்துக்கொண்டால் மேற்கொண்டு வருவது எளிதாகப் புரியும்.

படைநடவடிக்கை: வரைபடத்தில் தெரிவது

படைகளை ஒன்றுதிரட்டி, நகர்த்தி, எதிரியை அவனுக்கு வசதியில்லாத இடத்தில் வசதியில்லாத நேரத்தில் சந்திக்க வைக்கும் கலை இது. அம்புக்குறி வரைபடம் காட்டுவது இதை மட்டும்தான்.

1870 ஜூலை 19 அன்று பிரான்ஸ், பிரஷ்யா மீது போர் அறிவித்தது. ஆகஸ்ட் முதல் வாரத்தில் எல்லையில் மூன்று சண்டைகள். மூன்றிலும் பிரெஞ்சுப் படை பின்வாங்கியது. ஆகஸ்ட் 18 அன்று கிராவெலோத் சண்டைக்குப் பிறகு ஒரு பிரெஞ்சுப் படை மெட்ஸ் கோட்டைக்குள் அடைபட்டது. அதை மீட்க வந்த இன்னொரு படையை, பிரஷ்யத் தலைமைத் தளபதி மோல்ட்கே செடான் என்ற ஊரில் வளைத்தார். செப்டம்பர் 2 அன்று பேரரசர் மூன்றாம் நெப்போலியனே சரணடைந்தார். கூடவே பிடிபட்டவர்கள் சுமார் ஒரு லட்சம் பேர்.

போர் அறிவித்து ஏழு வாரம்கூட முழுதாக ஆகவில்லை. ஒரு படை கோட்டைக்குள் சிறை, இன்னொன்று மொத்தமாகக் கைதி, மன்னரும் எதிரியின் கையில். சதுரங்கமாக இருந்தால் இத்தோடு ஆட்டம் முடிந்திருக்கும்.

இங்கே முடியவில்லை. மேலும் ஐந்து மாதம் சண்டை நடந்தது. அது ஏன் என்பதைச் சமூகப் பரிமாணத்தில் பார்ப்போம். அதற்கு முன், இந்த ஏழு வார வெற்றிக்கே அடித்தளமாக இருந்ததைப் பார்த்துவிடலாம்.

வழங்கல்: வரைபடத்தில் தெரியாதது

ஆள், உணவு, தீவனம், குண்டு, எரிபொருள், மருந்து, உதிரிப்பாகம் ஆகியவற்றைத் திரட்டி, தேவையான இடத்துக்குத் தேவையான நேரத்தில் கொண்டுபோய்ச் சேர்ப்பது வழங்கல். ஹோவர்ட் இதை இன்னும் விரிவாகவே எடுத்துக்கொள்கிறார். எத்தனை ஆட்களையும் எவ்வளவு ஆயுதத்தையும் ஒரு நாடு எத்தனை காலத்துக்குக் களத்தில் நிறுத்திவைக்க முடியும் என்பதும் அவர் பார்வையில் வழங்கலே. தொழிற்சாலை, ரயில், கப்பல், கடன் வாங்கும் திறன் எல்லாம் இதற்குள் வந்துவிடும்.

1870இல் இரு நாடுகளிடமும் ரயில் இருந்தது. வேறுபாடு ஏற்பாட்டில். பிரஷ்யத் தலைமைப் பணியகத்தில் ரயிலுக்கென்றே தனிப் பிரிவு உண்டு. எந்தப் படை, எந்த நாளில், எந்த நிலையத்தில் ஏறி எங்கே இறங்க வேண்டும் என்று முன்கூட்டியே அட்டவணை போட்டிருந்தார்கள். ஆட்கள் தங்கள் வட்டாரத்திலேயே படைப்பிரிவில் சேர்ந்து, சீருடையும் ஆயுதமும் வாங்கிக்கொண்டு, முழுப் பிரிவாக ரயில் ஏறினார்கள். மூன்று வாரத்துக்குள் மூன்று லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் எல்லையில் இருந்தார்கள்.

பிரான்ஸ் நேரம் மிச்சமாகும் என்று எண்ணி, ஆட்களைத் திரட்டுவதையும் எல்லைக்கு அனுப்புவதையும் ஒரே சமயத்தில் செய்தது. படைப்பிரிவு முதலில் எல்லைக்குப் போய்விடும். ரிசர்வ் ஆட்கள் தங்கள் பிரிவின் கிடங்குக்குப் போய்ச் சீருடை வாங்கிக்கொண்டு பின்னால் வர வேண்டும். சில பிரிவுகளின் கிடங்கு கடலுக்கு அப்பால், அல்ஜீரியாவில் இருந்தது. பெல்ஃபோர் நகருக்குப் போய்ச் சேர்ந்த ஒரு பிரெஞ்சு ஜெனரல், தன் பிரிகேடையும் காணோம், மேலதிகாரியையும் காணோம், என்ன செய்வது என்று பாரிசுக்குத் தந்தி அடித்தார். அந்தத் தந்தி வரலாற்றில் நிலைத்துவிட்டது. மனிதர்மேல் குற்றமில்லை, ஏற்பாடு அப்படி.

ரயில் என்றதும் எல்லாம் சுலபம் என்று நினைக்கவும் கூடாது. ரயிலில் ஏற்றுவதில் சிக்கல் குறைவு, இறக்குவதில்தான் அதிகம். ஒரு நிலையத்தில் நாளுக்கு எத்தனை வண்டிகளைக் காலிசெய்ய முடிகிறதோ அதற்கு மேல் அனுப்பினால், சரக்கோடு பெட்டிகள் தண்டவாளத்திலேயே நிற்கும். காலிப் பெட்டி திரும்பாததால் பின்னால் வரும் வண்டியும் நிற்கும். பிரஷ்யாவுக்கும் இது நடந்தது. எல்லை தாண்டியதும் அவர்களுடைய சரக்கு பின்னால் தேங்க, முன்னேறிய படை பெரும்பாலும் பிரெஞ்சு வயல்களிலும் கிராமங்களிலும் கிடைத்ததை வைத்தே சாப்பிட்டது. குதிரைக்கு நாளொன்றுக்குச் சுமார் 10 கிலோ தீவனம் வேண்டும். அறுவடை முடியும் பருவத்தில் போர் நடந்தது அவர்களுக்கு அதிர்ஷ்டம்.

ஏற்றுவதிலும் ஒரு நுட்பம் உண்டு. வீடு மாற்றும்போது பாயும் விளக்கும் முதலில் வேண்டும். ஆனால் அவற்றை முதலில் ஏற்றினால் லாரியின் அடியில் போய்விடும். படைக் கப்பலிலும் அப்படியே. இறங்கியதும் வேண்டியதைக் கடைசியில் ஏற்ற வேண்டும். இப்படி ஏற்றும்போது இடம் வீணாகும், கப்பல் நிறையாது. இடத்தை மிச்சப்படுத்தலாம் என்று கணக்குப் பார்த்து நெருக்கி அடுக்கினால், கரையில் துப்பாக்கி கிடைக்கும், தோட்டா எட்டாவது மூட்டைக்கு அடியில் இருக்கும்.

தூரம் கூடினால் என்ன ஆகும் என்பதை ஒரு மாதிரிக் கணக்கில் பார்க்கலாம். ஒரு டிவிஷனுக்கு, அதாவது பத்து முதல் இருபதாயிரம் பேர் கொண்ட படைக்கு, நாளொன்றுக்கு 600 டன் வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். 1944இல் ஐரோப்பாவில் நேச நாடுகள் போட்ட திட்டமும் ஏறத்தாழ இந்த அளவில்தான் இருந்தது. ஒரு லாரி 5 டன் எடுக்கும். ஏற்றி இறக்கும் நேரத்தையும் சேர்த்து நாளுக்கு 150 கிலோமீட்டர் ஓடும். கிடங்கு 75 கிலோமீட்டரில் இருந்தால் போக வர ஒரு நாள். 120 லாரி போதும். 150 கிலோமீட்டர் என்றால் இரண்டு நாள், 240 லாரி. 300 கிலோமீட்டர் என்றால் நான்கு நாள், 480 லாரி. எப்போதும் ஐந்தில் ஒரு பங்கு பழுதுக்கு நிற்கும் என்று சேர்த்தால் 600. இத்தனைக்கும் படை வளரவில்லை. ஒரு தோட்டாகூடக் கூடுதலாகச் சுடவில்லை. முன்னேறிப் போனது ஒன்றுதான் காரணம். அந்த 600 லாரிகளும் குடிக்கும் எரிபொருளையும் அதே லாரிகளில்தான் கொண்டுவர வேண்டும்.

தாக்கிக்கொண்டே போகும் படை, வெற்றியின் நடுவிலேயே ஒரு கட்டத்தில் வலு குன்றி நின்றுவிடுவதற்கு இதுவே முக்கிய காரணம். கிளாஸ்விட்ஸ் அந்தக் கட்டத்தை உச்சப்புள்ளி என்றார். மயில்தோகையே ஆனாலும் அளவுக்கு மீறி ஏற்றினால் வண்டியின் அச்சு முறியும்.

கணினிக் காலத்திலும் இந்தக் கணக்கு மாறவில்லை. ஒரு 155 மில்லிமீட்டர் பீரங்கிக் குண்டின் எடை சுமார் 43 கிலோ. நாளுக்கு 5,000 குண்டு சுட்டால் குண்டு மட்டும் 215 டன்; உந்துமருந்தும் திரியும் தனி. 2022இல் உக்ரைன் போர் தொடங்கியபோது அமெரிக்கா இவ்வகைக் குண்டுகளை மாதத்துக்குச் சுமார் 14,000 என்ற அளவில்தான் தயாரித்துக்கொண்டிருந்தது. மேற்படி கணக்கில் அது மூன்று நாளுக்குக்கூட வராது.

இதுவரை பார்த்ததைச் சேர்த்துச் சொன்னால்: படைநடவடிக்கை என்பது இருக்கும் படையைத் திறமையாக நகர்த்துவது, வழங்கல் என்பது அந்தப் படை ‘இருப்பதற்கும்’, நகர்வதற்கும், இழந்ததை ஈடுகட்டுவதற்கும் வழி செய்வது.

சமூகம்: மக்கள் எவ்வளவு தாங்குவார்கள்?

செடானில் பேரரசர் பிடிபட்ட செய்தி பாரிசுக்கு வந்தது. செப்டம்பர் 4 அன்று மக்கள் முடியாட்சியைக் கவிழ்த்துக் குடியரசை அறிவித்தார்கள். புதிய அரசு சரணடைய மறுத்தது. செப்டம்பர் 19 அன்று பாரிசைச் சுற்றி முற்றுகை இறுகியது. அக்டோபர் 7 அன்று உள்துறை அமைச்சர் கம்பெத்தா பலூனில் ஏறி, முற்றுகையின் தலைக்கு மேலே பறந்து வெளியேறினார். நாட்டின் பிற பகுதிகளில் அவர் லட்சக்கணக்கில் புதுப்படை திரட்டினார். கிராமப்புறங்களில் சீருடை இல்லாத துப்பாக்கிக்காரர்கள் பிரஷ்ய ரயில் பாதைகளையும் காவல் ஆட்களையும் தாக்கினார்கள்.

மோல்ட்கேயின் கணக்கில் இது இல்லை. அவர் தோற்கடித்தது பேரரசின் படையை. இப்போது எதிரே நின்றது ஒரு நாடு. புதுப்படைகளுக்குப் பயிற்சி போதாது, பெரும்பாலான சண்டைகளில் தோற்றன. ஆனாலும் அவை இருக்கும்வரை போர் முடியவில்லை. பின்னணியைக் காக்க ஜெர்மன் தரப்பு மேலும் மேலும் ஆட்களைக் கொண்டுவர வேண்டியிருந்தது. பாரிசில் உணவு தீர்ந்து, 1871 ஜனவரி 28 அன்று போர்நிறுத்தம் வந்த பிறகே சண்டை ஓய்ந்தது.

சமூகப் பரிமாணம் என்று ஹோவர்ட் சொல்வது இதைத்தான். மக்கள் போரை எப்படிப் பார்க்கிறார்கள், எவ்வளவு காலம் எவ்வளவு விலை கொடுக்கத் தயாராக இருக்கிறார்கள் என்பதே அது. இதை மன உறுதி என்று சுருக்கிவிடுவார்கள். அது பாதிதான் சரி. உறுதியோடு அமைப்பும் வேண்டும். வரி வாங்க முடிகிற அரசு, ஆள் திரட்டப் பதிவேடு, செய்தி பரவ வழி, ஆணைக்குக் கீழ்ப்படியும் பழக்கம் ஆகியவை இல்லாமல் கோபம் மட்டும் இருந்தால் அது கலவரமாகும், படையாகாது. கம்பெத்தாவிடம் கோபத்தோடு மாவட்ட நிர்வாகமும் தந்தியும் இருந்தன.

எதிர்த்திசையிலும் இது வேலை செய்யும். 1968 ஜனவரி இறுதியில், டெட் புத்தாண்டையொட்டி, தென் வியட்நாமின் நூற்றுக்கும் மேற்பட்ட ஊர்களில் கம்யூனிஸ்ட் படைகள் ஒரே நேரத்தில் தாக்கின. எதிர்பார்த்த மக்கள் எழுச்சி வரவில்லை, தாக்கியவர்களின் இழப்பு மிகப் பெரிது. களக் கணக்கில் அமெரிக்காவுக்கு வெற்றி. ஆனால் போர் முடியும் தறுவாயில் இருக்கிறது என்று மாதக்கணக்காகக் கேட்டுவந்த அமெரிக்க மக்கள், சைகோன் தூதரக வளாகத்திலேயே சண்டை நடப்பதைத் தொலைக்காட்சியில் பார்த்தார்கள். மார்ச் 31 அன்று ஜனாதிபதி ஜான்சன், தான் மீண்டும் போட்டியிடப் போவதில்லை என்று அறிவித்தார். தோற்ற தாக்குதல் எதிரி நாட்டின் அரசியலைத் திருப்பிவிட்டது.

‘ஊடகம்தான் போரைத் தோற்கடித்தது’ என்று இதற்கு ஒரு விளக்கம் சொல்வார்கள். மேலோட்டமான விளக்கம் அது. அரசு தன் மக்களிடம் சொன்னதற்கும் கண்ணால் கண்டதற்கும் இடையிலான தூரம் முன்பே வளர்ந்திருந்தது. தொலைக்காட்சி அந்தத் தூரத்தைக் காட்டியது, அவ்வளவே.

தொழில்நுட்பம்: புது ஆயுதம் வந்தால் போதுமா?

நான்கில் அதிகம் பேசப்படுவது இது. அதனாலேயே இங்கே சுருக்கமாகப் போதும்.

1870இல் பிரெஞ்சுக்காரரின் ஷாஸ்போ துப்பாக்கி, பிரஷ்யரின் ஊசித் துப்பாக்கியைப் போல ஏறத்தாழ இரண்டு மடங்கு தூரம் சுடும். கிராவெலோத் சண்டையின்போது சான் பிரிவா கிராமத்தை நோக்கித் திறந்த வெளியில் ஏறிய பிரஷ்யக் காவற்படையில் சுமார் 8,000 பேர் அதற்குப் பலியாயினர் அல்லது காயமுற்றனர். மித்ராயேஸ் என்ற பல குழல் விசைத் துப்பாக்கியும் பிரான்சிடம் இருந்தது. ஆனால் அதைப் பெரும் ரகசியமாகவே வைத்திருந்ததால் பயன்படுத்தத் தெரிந்தவர்கள் சிலர்தான். பீரங்கிபோல் நினைத்துத் தொலைவில் நிறுத்திச் சுட்டார்கள். பிரஷ்யரின், க்ருப் நிறுவனம் செய்த எஃகுப் பீரங்கிகள் அதைவிடத் தொலைவிலிருந்து அவற்றைத் தகர்த்தன.

நல்ல துப்பாக்கி இருந்த தரப்பே தோற்றது. ஆயுதத்துக்குப் பயிற்சி, அதைப் பயன்படுத்தும் முறை, குண்டு வந்து சேரும் பாதை எல்லாம் வேண்டும். மற்ற மூன்று பரிமாணங்களின் வழியாகத்தான் ஆயுதம் வேலை செய்யும். அணுகுண்டு இந்த விதிக்கு விலக்கு என்று 1970களில் பலர் நம்பினார்கள். யாரிடம் எத்தனை ஏவுகணை, எது எதை முந்தும் என்று கணக்குப் போட்டார்கள். ஹோவர்ட் அவர்களிடம் கேட்டது வேறு: எந்த அரசியல் நோக்கத்துக்காக இதைப் பயன்படுத்துவீர்கள்? அதன் விளைவை எந்தச் சமூகம் தாங்கும்? இன்று அணுகுண்டின் இடத்தில் டிரோன் என்று போட்டாலும் கேள்வியின் கூர்மை குறையவில்லை.

ஒன்றின் குறையை இன்னொன்று ஈடுகட்டுமா?

கொஞ்ச காலத்துக்கு ஈடுகட்டும். அமெரிக்க உள்நாட்டுப் போரில் (1861–65) தென் மாநிலங்களின் தளபதி லீ படைநடவடிக்கையில் அசகாய சூரர். 1863 மே மாதம் சான்சலர்ஸ்வில்லில் சுமார் 60,000 பேரை வைத்துக்கொண்டு, தன்னைப் போல் இரு மடங்கு பெரிய படையைத் தோற்கடித்தார். இழப்பைப் பாருங்கள்: வடக்குக்குச் சுமார் 17,000, தெற்குக்குச் சுமார் 13,000. எண்ணிக்கையில் தெற்குக்கு இழப்பு குறைவு. விகிதத்தில் வடக்கு எட்டில் ஒருவரை இழந்தது, தெற்கு ஐந்தில் ஒருவருக்கும் மேல். வடக்கின் மக்கள்தொகை சுமார் 2.2 கோடி, தெற்கில் அடிமைகளையும் சேர்த்தே சுமார் 90 லட்சம். இப்படி ‘வெல்ல’ தெற்கால் எத்தனை முறை முடியும்?

இருப்பினும் பெரிய தொழிற்சாலை உள்ளவன் தானாகவே வெல்வான் என்று இதிலிருந்து முடிவுகட்டக் கூடாது. வடக்கின் மக்கள் 1864 தேர்தலில் போர் போதும் என்று ஜனாதிபதி லிங்கனைத் தோற்கடித்திருந்தால், அத்தனை ரயிலும் இரும்பும் இருந்தும் கதை வேறாகியிருக்கலாம். வழங்கலின் வலு வேலைக்கு வரக் காலம் பிடிக்கும். அந்தக் காலத்தைச் சமூகம் வாங்கிக் கொடுக்க வேண்டும்.

ஐரோப்பியத் தளபதிகள் இந்த நாலாண்டுப் போரைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அவர்கள் பாடம் படித்தது 1870இன் முதல் ஏழு வாரங்களில். வேகமாகத் திரட்டு, வேகமாக வளை, போர் முடிந்தது என்பதே அந்தப் பாடம். 1914இல் அதை நம்பித்தான் புறப்பட்டார்கள். நான்கு ஆண்டுகளுக்கு மேல் பதுங்குகுழியில் இருந்தார்கள்.

ஒரே தளபதி, இரண்டு முடிவுகள்

நான்கு பரிமாணமும் சரியாக இருந்தும் நோக்கம் தவறினால் என்ன ஆகும்? பிரஷ்யாவே இரு விதமாகவும் உதாரணம் தருகிறது.

1866 ஜூலை 3 அன்று கோனிக்ரேட்ஸில் மோல்ட்கே ஆஸ்திரியப் படையை முறியடித்தார். மன்னரும் தளபதிகளும் வியன்னா வரை போக விரும்பினார்கள். பிரதமர் பிஸ்மார்க் தடுத்தார். அவருக்கு வேண்டியது ஜெர்மன் விவகாரங்களிலிருந்து ஆஸ்திரியா விலகுவது, அது கிடைத்துவிட்டது. ஆஸ்திரியாவிடமிருந்து பிரஷ்யா தனக்கென்று நிலம் எதுவும் எடுக்கவில்லை. ஜூலை 26 அன்றே பூர்வாங்க சமாதானம் கையெழுத்தானது. பின்னாளில் அதே ஆஸ்திரியா ஜெர்மனியின் கூட்டாளியானது.

1871இல் பிரான்சிடமிருந்து அல்சாஸையும் லொரேனின் ஒரு பகுதியையும் எடுத்துக்கொண்டார்கள், 500 கோடி பிராங்க் இழப்பீடும் கேட்டார்கள். பணத்தை பிரான்ஸ் 1873க்குள் கட்டி முடித்தது. நிலத்தை மறக்கவில்லை. தோற்றவனும் ஏற்றுக்கொள்ளும்படியான முடிவு 1866இல் இருந்தது, 1871இல் இல்லை. களத்தில் இரண்டாவது வெற்றிதான் பெரிது.

ஒரு செய்தியை வைத்துப் பார்ப்போம்

படை வரலாற்றை அகலமாகவும், ஆழமாகவும், சூழலோடும் படிக்க வேண்டும் என்று ஹோவர்ட் 1961இல் ஓர் உரையில் வலியுறுத்தினார். அகலம் என்றால் நீண்ட காலப் போக்கில் எது மாறுகிறது, எது மாறவில்லை என்று பார்ப்பது. ஆழம் என்றால் ஒரே போரை எடுத்துக் கடிதம், நாட்குறிப்பு வரை போய்ப் பார்ப்பது. அப்போது நூல்களில் ஒழுங்காகத் தெரியும் சண்டை எவ்வளவு குழப்பமானது என்று தெரியும். சூழல் என்றால் போரிட்ட சமூகங்களையும் அரசியலையும் பார்ப்பது. ‘இன்ன நகரம் வீழ்ந்தது’ என்ற செய்திக்கும் இது பொருந்தும்.

1944 செப்டம்பர் 4. பிரிட்டிஷ் படை பெல்ஜியத்தின் ஆண்ட்வெர்ப் நகரை ஜெர்மானியரிடமிருந்து பிடித்தது. ஐரோப்பாவின் மிகப் பெரிய துறைமுகங்களில் ஒன்று, துறைமேடைகள் கிட்டத்தட்டச் சேதமில்லாமல் கையில் கிடைத்தன. படைநடவடிக்கைக் கண்ணில் இது அபாரமான வெற்றி. வழங்கல் கண்ணால் பார்ப்பவர் அடுத்த கேள்வியைக் கேட்பார்: கப்பல் எந்த வழியாக வரும்? ஆண்ட்வெர்ப் கடலிலிருந்து ஷெல்ட் ஆற்றின் வழியே சுமார் 80 கிலோமீட்டர் உள்ளே இருக்கிறது. முகத்துவாரத்தின் இரு கரையும் அப்போது ஜெர்மானியர் கையில், நீரில் கண்ணிவெடி.

துறைமுகத்தைப் பிடித்த வேகத்தில் முகத்துவாரத்தையும் பிடித்திருக்கலாம். கவனம் ரைன் நதிப் பக்கம் இருந்தது. அதனால் முன்னணிக்கு வேண்டிய சரக்கில் பெரும்பகுதி இன்னும் பிரான்சின் நார்மண்டிக் கரையிலிருந்தே, நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் லாரியில் வந்தது. ஆகஸ்ட் 25 அன்று தொடங்கிய ‘ரெட் பால்’ என்ற ஒருவழி லாரிப் பாதையில் உச்சத்தில் கிட்டத்தட்ட 6,000 வண்டிகள் ஓடின. நாம் மேலே போட்ட 75, 150, 300 கிலோமீட்டர் கணக்கு அங்கே நிஜமாகவே நடந்தது: டயர் தேய்ந்தது, ஓட்டுநர்கள் தூக்கமில்லாமல் தவித்தார்கள், எரிபொருளை எரிபொருள் வண்டிகளே குடித்தன. கனடாவின் முதலாம் படை முகத்துவாரத்தைப் பிடித்து முடிக்க நவம்பர் ஆனது; கிட்டத்தட்ட 13,000 பேர் இறந்தோ காயப்பட்டோ காணாமலோ போனார்கள்.

முதல் சரக்குக் கப்பல் அணி ஆண்ட்வெர்ப்புக்குள் நுழைந்தது நவம்பர் 28 அன்று. செய்தி வரைபடத்தில் அந்த நகரம் செப்டம்பர் 4 அன்றே நிறம் மாறியிருந்தது.